ஏழாறு நாட்டு நாட்காட்டி: ஒரு கற்பனை உலகின் காலக்கணக்கு, நிகழ்வு ஆய்வு

ஏழாறு நாடு ஒரு கற்பனை நாடு. கும்பகோணம், திருவாரூர், மன்னார்குடிப் பக்கத்து எழுத்தாளர்கள் சிலர் கூடி எழுதும் மாயத் தொடர்கதை அதில்தான் நடக்கிறது. அதே உலகம் மேசையில் பகடை உருட்டி ஆடும் கதாபாத்திர விளையாட்டாகவும் ஓடுகிறது. மலையில் பிறக்கும் ஒரே ஆறு பிரிவணை என்ற இடத்தில் ஏழாகப் பிரிந்து கடலுக்குப் போகிறது. பேராறு, நெட்டாறு, கோணாறு, மணலாறு, தாழையாறு, ஈச்சாறு, கழியாறு ஆகியவை அந்த ஏழு கிளைகள். முக்கொம்பையும் கல்லணையையும் பார்த்து வளர்ந்தவர்கள் வேறு நிலத்தைக் கற்பனை செய்வானேன்?

இந்த ஆய்வு அந்த உலகின் நாட்காட்டியை மட்டும் எடுத்துக்கொள்கிறது. தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடலாம். கோயில் கணக்கு, அரசன் கணக்கு, ஊர்க் கணக்கு என்று எத்தனை வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம். ஆனால் எல்லாவற்றுக்கும் அடியில் இடைவெளியே இல்லாத நாள் எண் ஒன்று ஓட வேண்டும். முதல் வரைவு உடைந்த இடம் ஒவ்வொன்றிலும் அந்த எண் இல்லாததுதான் காரணம்.

என்ன கேட்கப்பட்டது

நாட்காட்டியிடம் கேட்டது நான்கு விஷயம். ஒரு அத்தியாயத்தில் ஒருவர் எழுதும் தேதியை இன்னொரு அத்தியாயம் எழுதுபவர் சந்தேகமில்லாமல் படிக்க வேண்டும். எந்த இரவைச் சொன்னாலும் நிலா எப்போது எழும் என்பது தெரிய வேண்டும், ஏனென்றால் விளையாடுபவர்கள் அதைத்தான் முதலில் கேட்பார்கள். வயலில் பயிர் எந்த நிலையில் நிற்கிறது என்பது தேதியிலிருந்தே வர வேண்டும். கடைசியாக, தண்ணீர் முதலில் சேரும் தலைமடைக்காரருக்கும் கடைசியில் சேரும் கடைமடைக்காரருக்கும் உள்ள சண்டை நாட்காட்டிக்குள்ளேயே இருக்க வேண்டும். இந்தக் கடைசித் தேவைதான் வேலையைக் கடினமாக்கியது, உலகத்துக்கு உயிர் கொடுத்ததும் அதுதான்.

அடிப்படை எண்கள்

ஆண்டு 364.4 நாள். அமாவாசையிலிருந்து அமாவாசைக்கு 27.3 நாள். ஒரு நாளுக்கு 60 நாழிகை, நாள் சூரிய உதயத்தில் தொடங்கும். நள்ளிரவு தாண்டினாலும் விடியும் வரை பழைய தேதிதான். இதை எழுதி வைக்காவிட்டால் இரவுக் காட்சிகளில் ஒரு நாள் பிசகும்.

364 என்பது 7-ஆல் மீதியின்றி வகுபடும். 0.4 என்ற பின்னம் ஐந்து ஆண்டுக்கு இரண்டு நாளாகச் சேரும். பின்னத்தை எளிதாக வைப்பது முக்கியம். பூமியின் 365.2422 போன்ற எண்ணை எடுத்தால் 4, 100, 400 என்று மூன்றடுக்கு விதி தேவைப்படும், கதையில் வரும் மடைக்காரர் அதை மனக்கணக்காகச் சொல்ல முடியாது. ஏழாறு நாட்டில் ஐந்தாண்டுச் சுற்றின் மூன்றாம் ஆண்டுக்கும் ஐந்தாம் ஆண்டுக்கும் ஒவ்வொரு நாள் கூடும், அவ்வளவுதான். 0.4, 0.8, 1.2 என்று சேர்ந்து வரும்போது ஒன்றைத் தாண்டுவது மூன்றாம் ஆண்டில். அதைக் கழித்தால் மிஞ்சும் 0.2 அடுத்த இரண்டு ஆண்டில் சரியாக 1.0 ஆகும். ஐந்து ஆண்டு என்றால் 1,822 நாள்.

நிலாவின் 27.3-க்கும் காரணம் உண்டு. நம் வானத்தில் பன்னிரண்டு நிலா மாதம் 354.37 நாள். சூரிய ஆண்டுக்கு ஏறத்தாழ 10.88 நாள் குறைவு. அதனால்தான் நிலாவை வைத்துப் போடும் சந்திரமான மாதக் கணக்கில் அதிக மாதம் என்ற கூடுதல் மாதம் வருகிறது. 19 ஆண்டும் 235 நிலா மாதமும் கிட்டத்தட்ட ஒன்றாகும் என்பது பழங்காலத்திலேயே தெரிந்த கணக்கு. ஏழாறு நாட்டில் பதின்மூன்று நிலா மாதம் 354.9 நாள், குறைவு 9.5. இங்கே 23 ஆண்டும் 307 நிலா மாதமும் ஒன்றாகின்றன: 8,381.2 நாளும் 8,381.1 நாளும். வித்தியாசம் 0.1 நாள் என்பதால் 230 ஆண்டுக்குத்தான் ஒரு நாள் பிசகும். ஆண்டுக்கு 9.5 வீதம் குறைவைச் சேர்த்துக்கொண்டே வந்து, 27.3-ஐத் தாண்டும் ஆண்டில் அதிக மாதம் போட்டுக் கழிக்க வேண்டும். அப்படிச் செய்தால் 3, 6, 9, 12, 15, 18, 21, 23 ஆகிய எட்டு ஆண்டுகளில் அதிக மாதம் விழும். கடைசி இடைவெளி மட்டும் இரண்டாண்டு. அந்த ஒழுங்கின்மை அப்படியே இருக்கட்டும் என்று விட்டது நல்ல முடிவு. கணக்கிலிருந்து தானாக வரும் நெருடல், கையால் வரைந்து சேர்க்கும் அழகை விட நம்பும்படி இருக்கும்.

முதல் வரைவில் இரண்டாவது நிலா ஒன்றும் இருந்தது. அதை எடுத்துவிட்டார்கள். இரண்டு நிலா என்றால் கடல் ஓதம் இரண்டு, இரவு வெளிச்சத்துக்கு இரண்டு கணக்கு, ஒவ்வொரு காட்சிக்கும் இரட்டை வேலை. கதைக்கு அதனால் வந்த லாபம் ஒரு வர்ணனை மட்டுமே.

மாதங்கள்

பதின்மூன்று மாதம், மாதத்துக்கு 28 நாள் என்று வைத்தால் 364 அழகாக வரும். ஆனால் அது அலுவலக அட்டவணை போல இருக்கும். சூரியனை வைத்துப் போடும் நம் சௌரமான மாதங்கள் சமமாக இல்லை. சூரிய சித்தாந்தப்படி ஆனி 31 நாள் 36 நாழிகைச் சொச்சம், மார்கழி 29 நாள் 20 நாழிகைச் சொச்சம். ஜூலைத் தொடக்கத்தில் பூமி சூரியனிலிருந்து தூரமாக இருந்து மெதுவாக நகர்கிறது, ஜனவரித் தொடக்கத்தில் அருகில் வந்து வேகமாகப் போகிறது. அந்த ஏற்ற இறக்கமே இங்கேயும் பின்பற்றப்பட்டது. புதுநீர் 32, நடவு 32, களை 31, கதிர் 31, அடைமழை 30, கொண்டல் 30, வாடை 29, பனி 29, களம் 29, தென்றல் 30, கோடை 30, வறள் 31. கூட்டினால் 364. ஐந்தாண்டுச் சுற்றில் கூடும் நாளான மிகுநாள் வந்தால் வறள் மாதத்தின் கடைசியில் சேரும், அந்த ஆண்டு வறளுக்கு 32 நாள்.

மாதப் பெயர் எல்லாம் வயலில் நின்று பார்த்தால் தெரிவதாக இருக்க வேண்டும் என்பது ஒரே நிபந்தனை. புதுநீர் 1-ஐ ஜூன் 12-ஆக வைத்துப் பார்த்தால், அடைமழை 1 என்பது 127-ஆம் நாள், அதாவது அக்டோபர் 16. வடகிழக்குப் பருவமழை வரும் நேரம். களம் 1 பிப்ரவரி 11, சம்பா அறுத்துக் களத்துக்கு வரும் காலம். இப்படி நிஜ நிலத்தோடு ஒத்துப்பார்க்காமல் போட்ட பெயர், எழுதுபவர்கள் மாற மாற வெறும் சத்தமாகிவிடும்.

முதல் உடைவு: தண்ணீர் வந்தால் வருடப்பிறப்பு

முதல் வரைவின் விதி கேட்க அருமையாக இருக்கும்: எந்த ஊர் மதகில் புதுத்தண்ணீர் தொடுகிறதோ, அந்த ஊருக்கு அன்றுதான் புதுநீர் 1. கதையில் இதற்கு எவ்வளவோ இடம் கிடைக்கிறது. ஆனால் விதி நிற்கவில்லை.

ஏன் நிற்காது என்பதை மேட்டூரை வைத்தே காட்டலாம். அணை 1934-இல் கட்டி முடிந்தது. டெல்டாப் பாசனத்துக்கு ஜூன் 12-இல் திறந்து ஜனவரி 28-இல் மூடுவது வழக்கம். 2022-இல் மே 24-இலேயே திறந்தார்கள். 2023-இல் ஜூன் 12. 2024-இல் ஜூலை 28. திறக்கும் நாளையே ஆண்டின் முதல் நாளாக எடுத்தால், 2022-இல் தொடங்கும் ஆண்டுக்கு 384 நாள், 2023-இல் தொடங்கும் ஆண்டுக்கு 412 நாள். அதுவும் அணை வாசலில். 2022-இல் மே 24-இல் விட்ட தண்ணீருக்குக் கல்லணையைத் திறந்தது மே 27-இல். அங்கிருந்து வெண்ணாறு, வெட்டாறு, கோரையாறு என்று பிரிந்து கடைமடை வாய்க்காலுக்குப் போய்ச் சேர இன்னும் நாள் ஆகும். வறண்ட மணற்படுகை முதல் தண்ணீரைக் குடித்துவிடும். தூர் வாராத வாய்க்காலில் தண்ணீர் நகரவே நகராது.

ஏழாறு நாட்டில் இது நெல் கடனில் வெடித்தது. கழியாற்றுக் கடைமடை ஊருக்கு ஒரு ஆண்டு தண்ணீர் 12 நாள் தாமதம், அடுத்த ஆண்டு 31 நாள். “ஒரு வருடக் கடன்” என்று எழுதிய ஓலையின்படி அந்த ஊரில் வருடத்துக்கு 364 + 19 = 383 நாள். கடன் கொடுத்தவர் தலைமடையில் இருக்கிறார், அவருக்கு 364. இந்தப் பத்தொன்பது நாள் வட்டி யாருடையது? கதைக்கு இது நல்ல வழக்கு. ஆனால் அத்தியாயங்களை வரிசைப்படுத்துபவருக்குத் தீராத தலைவலி, ஏனென்றால் ஒரே தேதிக்கு இருபத்தெட்டு மதகுகளில் இருபத்தெட்டுப் பொருள்.

வழக்கை வைத்துக்கொண்டு குழப்பத்தை மட்டும் நீக்கியது பின்வரும் மாற்றம். வருடப்பிறப்பு கணக்கால் வரும், நாடு முழுவதற்கும் ஒன்றே. தண்ணீர் தொடும் நாள் ஊருக்கு ஊர் மாறும் விழா, அதன் பெயர் நீர்தொடு நாள். ஊர் ஓலைகளில் “நீருக்குப் பின் 101-ஆம் நாள்” என்று எழுதும் வழக்கம் தொடரும். ஒவ்வொரு கிளைக்கும் நான்கு மதகு வீதம் ஆண்டுக்கு 28 எண்கள் கொண்ட தாமதப் பட்டியல் தனியாக இருக்கும். கணக்கு நாளிலிருந்து தாமதத்தைக் கழித்தால் நீர்நாள் வரும். பிந்தியவர்களுக்கும் விழாவில் இடம் வைக்கும் மனம் காவிரிக் கரைக்குப் புதிதல்ல. மயிலாடுதுறையில் ஐப்பசிக் கடைசியில் கடைமுழுக்கு முடிந்த பிறகும், கார்த்திகை முதல் நாளில் முடவன் முழுக்கு உண்டு. அந்த நியாயத்தைத்தான் நீர்தொடு நாளுக்கும் எடுத்துக்கொண்டார்கள்.

பயிர்க் கணக்கும் சண்டையும்

இந்தத் தாமதம் எதற்கு இவ்வளவு முக்கியம் என்பது பயிர் வயதைப் போட்டவுடன் தெரியும். குறுவைக்கு ஆடுதுறை 43 போன்ற 110 நாள் ரகத்தை அளவாக வைத்தார்கள். தலைமடையில் 8-ஆம் நாள் விதைத்தால் 118-ஆம் நாள் அறுப்பு, அதாவது கதிர் 23. மழைக்கு எட்டு நாள் மிச்சம் இருக்கிறது. கடைமடையில் தாமதம் 12 என்றால் தண்ணீர் 13-ஆம் நாள் தொடும், விதைப்பு 20-இல், அறுப்பு 130-இல். அது அடைமழை 4. கதிர் சாய்ந்து, நெல் நனைந்து, களத்திலேயே முளைவிடும். நம் ஊரில் நேரடி நெல் கொள்முதல் நிலையத்தில் 17 சதவீத ஈரப்பதம் என்ற வரம்பு ஒவ்வொரு அறுவடையிலும் எவ்வளவு பெரிய பேச்சாகிறது என்பது தெரிந்தவர்களுக்கு அந்தப் பன்னிரண்டு நாளின் கனம் தெரியும்.

அறுப்புக்கு ஏறத்தாழ பத்து நாள் முன்பே வயலை வடிக்க வேண்டும். ஆகவே தலைமடைக்காரர் 108-ஆம் நாள் மதகை அடைப்பார். கடைமடைக்காரருக்கு 120-ஆம் நாள் வரை தண்ணீர் வேண்டும். கதிர் 13 முதல் கதிர் 25 வரை ஒருவருக்குப் பகையான தண்ணீர் இன்னொருவருக்கு உயிர். இந்தப் பன்னிரண்டு நாளை எழுத்தாளர் யாரும் திட்டமிட்டு வைக்கவில்லை, நான்கு எண்களைக் கூட்டிக் கழித்ததில் தானாக வந்து நின்றது. தொடர்கதையின் பெரிய மோதல்கள் எல்லாம் இப்போது இந்த இடைவெளியில்தான் நடக்கின்றன.

இரண்டாம் உடைவு: கிழமையில் சேராத நாள்

ஏழாறு நாட்டில் வாரம் என்பது முறைப்பாசனம். ஏழு கிளைக்கு ஏழு நாள், அன்றைய நாளுக்கு உரிய கிளைக்கு முழுத் தண்ணீர். முதல் வரைவில் மிகுநாளை வாரத்துக்கு வெளியே தள்ளியிருந்தார்கள். 364 சரியாக 52 வாரம் என்பதால், ஒவ்வொரு ஆண்டும் பேராற்று முறையில் தொடங்கும், தேதியைச் சொன்னாலே முறை தெரிந்துவிடும்.

விளையாட்டில் வறள் 32 வந்தபோது ஒரு கேள்வி எழுந்தது. இன்று யாருக்குத் தண்ணீர்? பதில் இல்லை. எவருக்கும் இல்லை என்றால் அணை நிரம்பி வழியும், எல்லோருக்கும் என்றால் எந்தக் கிளையிலும் மதகு மட்டத்துக்கு நீர் ஏறாது. எந்தக் கிளைக்காவது கொடுத்தால் அது லஞ்சம்.

உண்மை வரலாறும் இதே இடத்தில்தான் தடுக்கியது. எலிசபெத் அகெலிஸ் 1930-இலிருந்து பரப்பிய உலக நாட்காட்டித் திட்டத்தில் ஆண்டின் கடைசி நாள் எந்தக் கிழமையிலும் சேராது. 1950-களில் ஐக்கிய நாடுகள் அவையில் இந்தியாவும் அதை எடுத்து வைத்தது. ஏழு நாள் சுழற்சி அறுபடும் என்று மத அமைப்புகள் எதிர்த்தன, 1955-இல் அமெரிக்காவும் மறுத்தது. அதன் பிறகு திட்டம் எழவில்லை. இந்தியா தனக்குள் மேக்நாத் சாகா தலைமையிலான குழுவின் பரிந்துரைப்படி 1957 மார்ச் 22 முதல் தேசிய நாட்காட்டியை ஏற்றது. அதில் கிழமையில் கை வைக்கவில்லை.

ஏழாறு நாட்டிலும் மிகுநாளை முறைக்குள் கொண்டுவந்தார்கள். ஆண்டுத் தொடக்கம் இப்போது நகரும், ஆனால் மெதுவாக. முதல் மூன்று ஆண்டு பேராற்று முறையில் பிறக்கும், நான்கும் ஐந்தும் நெட்டாற்றில், அடுத்த மூன்று கோணாற்றில், அடுத்த இரண்டு மணலாற்றில். 35 ஆண்டில் 12,754 நாள், சரியாக 1,822 வாரம், சுற்று மூடும். அதற்குள் ஒவ்வொரு கிளைக்கும் மூன்றும் இரண்டுமாக ஐந்து ஆண்டு முதல் தண்ணீர் உரிமை. பேராற்றுக்கு 1, 2, 3-ஆம் ஆண்டுகள் போனால் மறுபடி 19, 20-இல்தான். நடுவில் பதினைந்து ஆண்டுக் காத்திருப்பு. கல்யாணப் பேச்சில் கூட “உங்கள் ஆறு எப்போது முதலாகும்” என்று கேட்கும் வழக்கம் கதைக்குள் வந்தது இதனால்தான்.

நாள் எண்

எல்லாவற்றுக்கும் அடியில் ஓடும் எண் இது. ஆண்டு எண்ணில் ஒன்றைக் கழித்து 364-ஆல் பெருக்கு. அதே கழித்த எண்ணை இரட்டித்து 5-ஆல் வகுத்துப் பின்னத்தை வெட்டு. இரண்டையும் கூட்டி, ஆண்டுக்குள் எத்தனையாவது நாளோ அதையும் சேர்.

147-ஆம் ஆண்டு கதிர் 18-ஐ எடுப்போம். முந்தைய மூன்று மாதம் 95 நாள், ஆகவே ஆண்டின் 113-ஆம் நாள். 146 × 364 = 53,144. 292-ஐ 5-ஆல் வகுத்தால் 58. மொத்தம் 53,315. இதை 7-ஆல் வகுத்தால் மீதி 3, கோணாற்று முறை. மீதி 0 வந்தால் ஏழாவது கிளை.

திரும்பி வருவதற்கு, நாள் எண்ணில் ஒன்றைக் கழித்து 1,822-ஆல் வகுக்க வேண்டும். 53,314-இல் 29 சுற்று போக மீதி 476. 29 சுற்று என்றால் 145 ஆண்டு கழிந்தது. 476-இல் ஒரு ஆண்டின் 364 போனால் 112 மிச்சம். ஆகவே 147-ஆம் ஆண்டின் 113-ஆம் நாள். முதலில் ஒன்றைக் கழிக்க மறந்தால் ஒவ்வொரு ஆண்டின் கடைசி நாளும் அடுத்த ஆண்டுக்குத் தாவும். மற்ற நாட்களில் பிசகு ஒரு நாள் என்பதால் கண்ணில் படாது, அதனாலேயே ஆபத்து.

நிலா வயதுக்கு அதே 53,314-ஐ 27.3-ஆல் வகுத்து மீதியைப் பார்க்க வேண்டும். 1,952 நிலா கழிந்து 24.4 நாள். பௌர்ணமி 13.65-இல். ஆக, இது தேய்ந்து தேய்ந்து கீற்றாகிவிட்ட நிலா. எழும் நேரம் தோராயமாக வயதை 26.3-ஆல் வகுத்து 60-ஆல் பெருக்கினால் கிடைக்கும். 27.3-ஆல் வகுக்கக் கூடாது, அன்றைய பகலும் இரவும் கழிவதற்குள் நிலா இன்னும் பின்தங்கிவிடும். 55.67 நாழிகை, அதாவது விடிய நாலேகால் நாழிகை இருக்கையில்.

இந்தத் தேதியில் ஒரு அத்தியாயம் இருந்தது. கோணாற்றுக் கடைமடை ஆட்கள் இரவில் வந்து தலைமடைக் கரையை வெட்டுகிறார்கள், முழுநிலா வெளிச்சத்தில் மண்வெட்டி மின்னுகிறது. கணக்குப்படி முழுநிலா கதிர் 7-இல். காட்சியை அங்கே நகர்த்தலாமா என்று பார்த்தால், கதிர் 7-இல் சண்டைக்கே காரணமில்லை. தலைமடையில் இன்னும் மதகை அடைக்கவில்லை. கதிர் 18-இலோ எல்லாம் கூடி நிற்கின்றன. முறை கோணாற்றுடையது, தண்ணீர் வாசலுக்கு வந்துவிட்டது, ஆனால் தலைமடைக்காரர் வயலை வடித்து மதகை இறக்கிவிட்டார். கடைமடையில் நீருக்குப் பின் 101-ஆம் நாள், அறுப்புக்கு இன்னும் பதினேழு நாள். ஆகவே தேதி நின்றது, நிலா போனது. இருட்டில் தடவித் தடவி வெட்டும் அந்தக் காட்சி முன்பை விட நன்றாக இருக்கிறது.

ஆட்சியாண்டு

அரசவைக் காட்சிகளில் தேதி ஆட்சியாண்டில் வரும். இதற்கு மாதிரி தஞ்சைப் பெரிய கோயிலிலேயே இருக்கிறது. ராஜராஜன் விமானத்துக்குச் செப்புக் குடம் கொடுத்தது யாண்டு 25, நாள் 275 என்று கல்வெட்டு சொல்கிறது. மாதப் பெயரே இல்லை, ஆண்டும் நாள் எண்ணும் மட்டும். அவர் ஆட்சி தொடங்கியது 985 ஜூன் 25-க்கும் ஜூலை 25-க்கும் இடையில் என்று கணித்திருக்கிறார்கள். 25-ஆம் ஆண்டு என்றால் 24 ஆண்டு கழிந்தது, ஆக அது 1009-இல் தொடங்குகிறது. 275-ஆம் நாள் 1010 மார்ச் கடைசிக்கும் ஏப்ரல் கடைசிக்கும் இடையில் விழும். 985-உடன் 25-ஐக் கூட்டி 1010 ஜூலையில் ஆண்டைத் தொடங்கினால் ஒரு வருடம் தப்பும். நடக்கும் ஆண்டா, கழிந்த ஆண்டா என்ற இந்த ஒரு வேறுபாடு கற்பனை வரலாறுகளை மற்ற எல்லாப் பிழைகளையும் விட அதிகமாகக் கெடுக்கிறது.

ஏழாறு நாட்டின் இப்போதைய அரசன் ஏறியது 141-ஆம் ஆண்டு களம் 10. நாள் எண் 51,270. ஆறாம் ஆட்சியாண்டு தொடங்குவது 146 களம் 10, நாள் எண் 53,092. கரை வெட்டிய நாள் 53,315. கழித்து ஒன்று கூட்டினால், ஆறாம் ஆட்சியாண்டு 224-ஆம் நாள். அரசவை ஓலையில் இது மட்டும் இருக்கும். ஊர் ஓலையில் நீருக்குப் பின் 101. மதகுக் கணக்கில் 147 கதிர் 18, கோணாற்று முறை. விசாரணைக்கு வரும் மூன்று சாட்சியும் ஒரே இரவைச் சொல்கிறார்கள் என்பதைக் கண்டுபிடிப்பதே அந்த அத்தியாயத்தின் துப்பறிதல்.

விரிதாளில் போடும்போது

ஆண்டு, மாத எண், தேதி மூன்றையும் மூன்று தனிக் கட்டத்தில் எண்ணாக வைக்க வேண்டும். “4-18” என்று ஒரே கட்டத்தில் தட்டினால் மென்பொருள் அதை ஏப்ரல் 18 ஆக்கிவிடும். பிறகு எவ்வளவு அழித்தாலும் உள்ளே வேறு எண் உட்கார்ந்திருக்கும். மென்பொருளின் சொந்தத் தேதிக் கணக்கை எந்த இடத்திலும் நம்பக் கூடாது. எக்செல் 1900-ஐ இன்றுவரை லீப் ஆண்டாகவே வைத்திருக்கிறது, லோட்டஸ் 1-2-3 என்ற பழைய விரிதாள் மென்பொருளுக்குப் பொருந்துவதற்காக.

முதல் ஆண்டுக்கு முந்தைய புராண காலம் தனிச் சிக்கல். பூச்சியத்துக்குக் கீழான குறை எண்ணுக்கு, வகுத்து மீதி சொல்லும் விரிதாளின் மாட் (MOD) சார்பு சரியான மீதியைத் தரும், ஆனால் அதே கணக்கை ஜாவாஸ்கிரிப்டில் எழுதினால் குறை மீதி வரும், முறை தவறும். பின்னத்தை வெட்டும்போது இன்ட் (INT) சார்பு கீழ்நோக்கிப் போகும், ட்ரங்க் (TRUNC) சார்பு பூச்சியத்தை நோக்கிப் போகும். இதைத் தவிர்க்கத் தொடக்க ஆண்டையே 805 ஆண்டு பின்னுக்குத் தள்ளிவிடலாம். 35-இன் மடங்கு என்பதால் முறை மாறாது. நிலா மாறும். 805 ஆண்டில் 293,342 நாள், 10,745 நிலா போக 3.5 நாள் மிஞ்சும். அந்த மூன்றரை நாளை நிலாக் கட்டத்தில் கழிக்க வேண்டும், அதாவது தொடக்க வயது 23.8.

இன்னும் முடியாதவை

நிலாக் கணக்கு முகத்துவார ஊர்களில் மட்டும் வாழ்கிறது. அமாவாசை, பௌர்ணமி ஒட்டிய பெருஓதத்தில் உப்புநீர் கழியாற்றில் ஏறும், அப்போது கடைசி மதகை இறக்க வேண்டும். முறைப்படி அன்று கழியாற்றுக்குத் தண்ணீர் நாளாக இருந்தால் வடிய வழியின்றி வயல் மூழ்கும். ஏழு நாள் சுழற்சியும் 13.65 நாள் சுழற்சியும் எந்த எந்த நாட்களில் இப்படி மோதும் என்ற பட்டியல் இன்னும் பாதிதான் போட்டிருக்கிறார்கள்.

மாதத் தொடக்கத்தில் சூரியன் அஸ்தமனத்துக்கு முன் ராசி மாறினால் அன்றே, பின் மாறினால் மறுநாள் என்ற நம் தமிழ் விதியைக் கோயில் கணக்காகச் சேர்க்கும் யோசனையும் வந்தது. கேரளத்தில் பகலின் ஐந்தில் மூன்று பங்கை எல்லையாக வைப்பதால் விஷு சில ஆண்டு நம் சித்திரை 1-க்கு மறுநாள் வருகிறது. அந்த ஒரு நாள் வேற்றுமை கதைக்கு ஆசை காட்டியது. ஏற்கெனவே மூன்று கணக்கு ஓடுவதால் நிறுத்தி வைத்தார்கள், அது சரியே.

பருவம் நழுவும் வேலையும் பாக்கி. சூரிய சித்தாந்த ஆண்டு 365.2588 நாள், பருவ ஆண்டு 365.2422. அறுபது ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் விலகுவதால்தான் உத்தராயணம் டிசம்பர் 21, 22-இல் தொடங்கியும் தைப்பொங்கல் ஜனவரி நடுவில் வருகிறது. ஏழாறு நாட்டுப் பருவ ஆண்டை 364.41 என்று மாற்றினால் நூறு ஆண்டுக்கு ஒரு நாள் பிந்தும். ஆயிரம் ஆண்டுக்கு முந்தைய பாழடைந்த கோயிலில் செதுக்கிய நடவுத் தேதி, இன்றைய தேதியை விடப் பத்து நாள் முன்னதாக இருக்கும். நாள் எண் சூத்திரத்தை இதற்காகத் தொட வேண்டியதில்லை, பயிர்ப் பட்டியலில் ஒரு கட்டம் கூடினால் போதும்.

தாமதப் பட்டியலில் கதைக்கு வராத ஆண்டுகளின் கட்டங்கள் காலியாகவே இருக்கின்றன. தேவை வரும்போது நிரப்புவதற்கு விதி மட்டும் எழுதியாகிவிட்டது: மேல் மதகின் தாமதத்தை விடக் கீழ் மதகின் தாமதம் குறையக் கூடாது, முந்தைய ஆண்டு தூர் வாராத கிளைக்கு இரண்டு நாள் கூட்ட வேண்டும், நடுவில் கரை உடைந்து தண்ணீர் நின்று மறுபடி வந்தாலும் முதலில் தொட்ட நாளே நீர்தொடு நாள்.